ஆவுளியா பார்க்கப் போகிறவர்கள் செய்யும் தவறுகள்

தஞ்சாவூர்க் கரையிலுள்ள மல்லிப்பட்டினத்தில் வந்து இறங்கியதும் "நல்ல ஸ்பீடு போட் இருந்தா ஏற்பாடு பண்ணுங்க" என்று கேட்கிறார்கள். முதல் தவறே அதுதான். ஆவுளியா, அதாவது கடற்பசு, பாக் விரிகுடாவின் ஆழமில்லாத கடற்புல் திட்டுகளில் மேய்கிற உயிர். வளர்ந்த ஒன்று நாளுக்கு 30, 40 கிலோ புல் தின்னும். சில நிமிடத்துக்கு ஒருமுறை மூச்சு வாங்க மேலே வந்தே ஆகவேண்டும். இன்ஜின் சத்தம் நெருங்கினால் மேய்ச்சலை விட்டு ஓடும். ஓடமுடியாவிட்டால் இன்ஜினின் காற்றாடி முதுகைக் கிழிக்கும். நங்கூரத்தையும் புல்மேல் போடாதீர்கள், வேரோடு பெயர்ந்துவிடும்.

அடுத்து, துடுப்பைத் தேடுவது. முதுகில் துடுப்பு தெரிந்தால் அது ஓங்கில், அதாவது டால்பின். ஆவுளியாவுக்கு முதுகுத் துடுப்பே கிடையாது. "மூக்க மட்டும் பாருடா" என்பார் என் சித்தப்பா. காற்று விழுந்த ஒரு விடியலில் படகு வலிப்பதை நிறுத்திவிட்டுக் காத்திருந்தோம். இருபது முழம் தள்ளி இரண்டு மூக்குத் துளைகள் திறந்தன. 'புஸ்'ஸென்று ஒரு மூச்சு. உடனே மூடி போட்டதுபோல் அடைத்துக்கொண்டன. பழுப்பு முதுகு கொஞ்சம் உருண்டு மறைந்தது. அவ்வளவுதான் காட்சி. அன்று நான் கையெடுத்துக் கும்பிட்டேன்.

தாயும் குட்டியும் சேர்ந்து வந்தால் சுற்றி வளைத்துப் படம் எடுக்காதீர்கள். சுமப்பதே ஒரு வருஷத்துக்கு மேல். ஈனுவது ஒரே குட்டி. அடுத்ததற்குப் பல வருஷம் ஆகும். பிரிந்த குட்டி பிழைக்காது.

பார்த்த இடத்தை லொக்கேஷனோடு வாட்ஸ்அப்பில் போடுவதும் வேண்டாம். இறைச்சிக்காக வேட்டையாடிய காலம் ஒன்று இந்தக் கரையிலும் இருந்தது. 2022 செப்டம்பரில் தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கடலில் 448 சதுர கிலோமீட்டரைக் கடற்பசுப் பாதுகாப்பகமாக அறிவித்திருக்கிறார்கள், நாட்டிலேயே முதலாவது. அதனால் போகுமுன் வனத்துறையிடம் கேட்டுவிட்டுப் போங்கள்.

வலையில் சிக்கியதைக் கண்டால் வாலில் கயிறு கட்டிக் கரைக்கு இழுக்கவே கூடாது. இழுக்கும்போது தலை தண்ணீருக்குள் போய் மூச்சு முட்டிவிடும். முதலில் மூக்கைத் தண்ணீருக்கு மேல் தாங்கிப் பிடியுங்கள். பிறகு வலையை அறுங்கள். அறுத்து விட்ட மீனவர்களுக்கு வனத்துறை பாராட்டும் பணமும் தந்திருக்கிறது. வலைக்காரரிடம் இதைச் சொல்லுங்கள், அவரே கத்தியை எடுப்பார்.