கியாபகுராவில் புதிதாகச் சேர்பவர்கள் சம்பளச் சீட்டில் கோட்டைவிடும் இடங்கள்

கிளாஸின் வெளியே வழியும் ஈரத்தைக் கைத்துண்டால் துடைப்பது, கிளாஸை மோதும்போது நம்முடையதைச் சற்றுத் தாழ்த்திப் பிடிப்பது, இதெல்லாம் டோக்கியோவின் இரவுக் கேளிக்கைப் பகுதியான கபுகிச்சோவில் எந்தக் கியாபகுராவிலும் (பெண்கள் வாடிக்கையாளரோடு உட்கார்ந்து பேசி மது ஊற்றித் தரும் கடை) முதல் இரவே சொல்லித் தந்துவிடுவார்கள். காசு விஷயத்தை மட்டும் யாரும் வாயைத் திறந்து சொல்வதில்லை.

விளம்பர மணிக்கூலி

மணிக்கு 4,000 யென் என்று போட்டிருந்தால், எத்தனை வாரத்துக்கு என்று கேளுங்கள். உத்தரவாதக் காலம் முடிந்ததும் விற்பனையையும், உங்களைப் பெயர் சொல்லிக் கேட்டு வரும் ‘ஷிமெய்’ எண்ணிக்கையையும் வைத்துக் கூலி மாறும்.

“வரி 10 சதவீதம்” என்றதும் தலையாட்டுவது

வருடா வருடம் புதிதாக வருபவர்கள் இதில்தான் ஏமாறுகிறார்கள். பார்க்கவே எரிச்சலாக இருக்கிறது. உங்களை ஊழியராக அல்லாமல் தனித்தொழில் செய்பவராகக் கணக்கில் வைத்துப் பணம் தரும் கடை 10.21 சதவீதம் வருமானவரி பிடிக்க வேண்டும், சரி. ஆனால் கூலியைக் கணக்கிடும் காலத்தின் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 யென் கழித்த பிறகு, மிச்சத்தில்தான் பிடிக்க வேண்டும். வேலைக்கு வந்த நாட்களுக்கு மட்டும்தானா இந்தக் கழிவு என்ற வழக்கு உச்சநீதிமன்றம் வரை போனது. விடுப்பு நாட்களும் சேரும் என்று 2010 மார்ச்சில் தீர்ப்பு வந்தது.

15 நாளுக்கு 200,000 யென் என்று வையுங்கள். 75,000 போக 125,000. வரி 12,762 யென். மொத்தத்திலும் பிடித்தால் 20,420. அரை மாதத்துக்கு 7,658 யென் கூடுதலாகப் போகிறது!

சில கடைகள் வரி, வீட்டில் இறக்கிவிடும் வண்டி, தலை அலங்காரம் எல்லாவற்றையும் ‘இதர செலவு’ என்று ஒரே வரியில் எழுதிவிடும். தனித்தனியாக எழுதித் தரச் சொல்லுங்கள். அன்றன்றே கூலி வாங்கினால், கையால் எழுதிய துண்டுச் சீட்டைக் கசக்கிப் போடாமல் போனில் படம் எடுங்கள். பிப்ரவரி 16 முதல் மார்ச் 15 வரை வரிக்கணக்குத் தாக்கல். உடை, தலை அலங்காரம், வாடிக்கையாளருக்கு வாங்கிய பரிசு ஆகியவற்றின் ரசீதுகள் இருந்தால் செலவாகக் காட்டலாம். கூடுதலாகப் பிடித்தது திரும்பி வரும். தாக்கலைத் தவறவிட்டாலும் வரியைத் திரும்பக் கேட்க ஐந்து ஆண்டு அவகாசம் உண்டு. பிடித்த வரியைக் கடை அரசுக்குக் கட்டவே இல்லையென்றால், உங்களிடம் இருக்கும் சீட்டுதான் சாட்சி.

அபராதம்

முன்னறிவிப்பின்றி விடுப்பு எடுத்தால் இவ்வளவு என்று சுவரில் ஒட்டியிருப்பதாலேயே அது செல்லுபடியாகிவிடாது. நேர அட்டை, கடை போடும் ஷிப்ட், மணிக்கூலி என்று நடந்தால் நீங்கள் தொழிலாளி என்று வாதாட இடமுண்டு. தொழிலாளிக்கு முன்கூட்டியே நஷ்டஈடு நிர்ணயிப்பதைத் தொழிலாளர் தரநிலைச் சட்டத்தின் 16-ஆம் பிரிவு தடுக்கிறது. ஒழுங்கு நடவடிக்கையாகப் பிடித்தாலும், ஒரு தவறுக்குச் சராசரி நாள்கூலியில் பாதிதான் உச்சம். 2009-இல் தொடங்கிய கியாபகுரா யூனியன் இப்படிப்பட்ட பாக்கிகளுக்காகக் கடைகளோடு பேசுகிறது.

வாடிக்கையாளர் கடன்

உங்கள் பெயரில் எழுத விடாதீர்கள். ஆள் மறைந்தால் பில் உங்கள் தலையில் விழும்.

மாணவர் விசா

பகுதிநேர வேலை அனுமதி இருந்தாலும் இங்கே பாத்திரம் கழுவக்கூட முடியாது.