ஜீயஸ் = ஜூபிடர்: அந்தச் சமக் குறியில் வழுக்கும் இடங்கள்

வினாடி வினாவுக்குத் தயாராகிறவர்களுக்கு அந்த அட்டவணை மனப்பாடம். ஜீயஸ் என்றால் ஜூபிடர், ஹேரா என்றால் ஜூனோ, பொசைடன் என்றால் நெப்டியூன், அதீனா என்றால் மினர்வா, ஏரிஸ் என்றால் மார்ஸ். இடப்பக்கம் கிரேக்கம், வலப்பக்கம் ரோம், நடுவில் ஒரு சமக் குறி. ஒரு மதிப்பெண் கேள்விக்கு இது போதும். இதை மட்டும் நம்பிக் கதை சொல்லவோ கட்டுரை எழுதவோ இறங்கினால், அந்தச் சமக் குறியே காலை வாரிவிடும். தமிழில் வரும் புராண அறிமுகங்களில் திரும்பத் திரும்பக் கண்ணில் படும் பிழைகள் பெரும்பாலும் அங்கிருந்துதான் தொடங்குகின்றன.

பெயரை மட்டும் மாற்றினார்களா?

"ரோமானியர்கள் கிரேக்கக் கடவுள்களை அப்படியே எடுத்துக்கொண்டு பெயரை மாற்றிவிட்டார்கள்." அடிக்கடி காணும் வாக்கியம் இது. அடிக்கடி தவறாகப் போவதும் இதுதான்.

ஜூபிடர், மார்ஸ், வெஸ்டா, ஜேனஸ் போன்றவர்கள் இத்தாலிய மண்ணின் பழைய கடவுள்கள். ரோம் நகரின் காபிடோலின் குன்றில் ஜூபிடர், ஜூனோ, மினர்வா மூவருக்கும் சேர்த்து எழுப்பிய கோயில் கி.மு. 509இல் திறக்கப்பட்டது என்பது ரோமானிய மரபு. அந்த மூவரில் மினர்வாவுக்கு வடக்கே எட்ரஸ்கன் மக்களிடம் 'மென்ர்வா' என்ற உருவம் ஏற்கெனவே இருந்தது. தெற்கு இத்தாலியில் கிரேக்கர்கள் குடியேறிய ஊர்கள் வழியாகவும் எட்ரஸ்கன்கள் வழியாகவும் கிரேக்கக் கதைகள் ரோமுக்குள் வந்தன. "உங்கள் ஊரில் இடி இடிக்கிறவர் ஜீயஸா? எங்கள் ஊரில் அவர் ஜூபிடர்" என்ற வகையில், செய்யும் வேலையை வைத்து ஆளை அடையாளம் கண்டார்கள். பல நூற்றாண்டுகளாக, கொஞ்சம் கொஞ்சமாக நடந்த வேலை அது.

அந்த அட்டவணை ஏறத்தாழ முழு வடிவில் பொதுமக்கள் கண்முன் வந்த ஒரு தருணத்தை மட்டும் நம்மால் சுட்ட முடியும். கி.மு. 217இல் டிராசிமீன் ஏரிக்கரையில் கார்த்தேஜ் தளபதி ஹானிபாலிடம் ரோமப் படை நாசமானது. தெய்வக் குற்றம் என்று பயந்த ரோம், பன்னிரண்டு கடவுள்களுக்கு விருந்து வைத்தது. ஆறு சாய்வுக் கட்டில்கள், ஒவ்வொன்றிலும் இரண்டு தெய்வங்கள்: ஜூபிடர்–ஜூனோ, நெப்டியூன்–மினர்வா, மார்ஸ்–வீனஸ், அப்பல்லோ–டயானா, வல்கன்–வெஸ்டா, மெர்குரி–சீரிஸ். வரலாற்றாசிரியர் லிவி இந்தப் பட்டியலைத் தந்திருக்கிறார். மார்ஸும் வீனஸும் ஒரே கட்டிலில் உட்கார்ந்ததற்குப் பின்னால் ஏரிஸ்–அப்ரோடைட் (வீனஸின் கிரேக்க இணை) கள்ளக்காதல் என்ற கிரேக்கக் கதை இருக்கிறது. மெர்குரியும் சீரிஸும் சேர்ந்ததைப் பார்த்தால் எனக்கு ரோமின் தானிய வியாபாரம்தான் நினைவுக்கு வருகிறது. ஒருவர் வணிகர்களின் கடவுள், மற்றவர் விளைச்சலின் தாய்.

மார்ஸ் வேறு, ஏரிஸ் வேறு

சமக் குறி மிக மோசமாக ஏமாற்றும் இடம் இது. இருவரும் போர்க் கடவுள்கள்தான். ஆனால் கிரேக்கர்களுக்கு ஏரிஸ்மேல் பெரிய மரியாதை கிடையாது. ஹோமரின் இலியட் காவியத்தின் ஐந்தாம் பாகத்தில், டயோமிடிஸ் என்ற மனிதன் அதீனாவின் துணையோடு ஏரிஸை ஈட்டியால் குத்திவிடுகிறான். போர்க் கடவுள் ஆயிரக்கணக்கான வீரர்கள் சேர்ந்து கத்தியதுபோல் அலறிக்கொண்டு ஒலிம்பஸுக்கு ஓடி, அப்பா ஜீயஸிடம் முறையிடுகிறார். ஜீயஸின் பதில்: ஒலிம்பஸில் இருக்கும் கடவுள்களிலேயே எனக்கு அதிகம் வெறுப்பான ஆள் நீதான்.

மார்ஸிடம் ரோமில் யாரும் இப்படிப் பேசியிருக்க முடியாது. அவர் ரோமுலஸின் தந்தை, அதாவது ரோம் நகருக்கே தந்தை. பழைய ரோமானிய ஆண்டின் முதல் மாதமான மார்ச் அவருடையது. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் கேட்டோ எழுதிய வேளாண்மை நூலில் ஒரு விவசாயி செய்ய வேண்டிய பிரார்த்தனை இருக்கிறது. "தந்தை மார்ஸே" என்று தொடங்கி, கண்ணுக்குத் தெரிந்த நோயும் தெரியாத நோயும் நிலத்தை அண்டாமல் காக்கவும், தானியமும் திராட்சைத் தோட்டமும் செழிக்கவும், மேய்ப்பர்களும் ஆடுமாடுகளும் நலமாக இருக்கவும் அதில் வேண்டுகிறார்கள். பன்றி, செம்மறி, காளை மூன்றையும் நிலத்தைச் சுற்றி ஓட்டிவந்து பலி கொடுப்பார்கள். வயலுக்கு எல்லைக் காவல் நிற்கிற கடவுளிடம் கேட்கிற வேண்டுதல் இது. ஏரிஸிடம் போய் எந்தக் கிரேக்க விவசாயி இதைக் கேட்பான்?

அப்புறம் அரசியல். ஜூலியஸ் சீசரைக் கொன்றவர்களை எதிர்த்துக் கி.மு. 42இல் பிலிப்பியில் போரிட்டபோது, 'பழிவாங்கும் மார்ஸ்' கடவுளுக்குக் கோயில் கட்டுவதாக, பின்னாளில் ரோமின் முதல் பேரரசரான அகஸ்டஸ் நேர்ந்துகொண்டார் என்பார்கள். நாற்பது ஆண்டுகள் கழித்து, கி.மு. 2இல் அந்தக் கோயில் திறக்கப்பட்டது. பாரசீகப் பகுதியை ஆண்ட பார்த்தியர்களிடம் இழந்து மீட்ட ராணுவக் கொடிகளை அங்கேதான் வைத்தார்கள். கிரேக்கத்தில் இந்த இடத்தில் இருப்பவர் அதீனா: நகரக் காவல், போர்த் தந்திரம் இரண்டும் அவர் கையில்.

இதேபோல் வீனஸுக்கும் ரோமில் மதிப்பு கூடுகிறது. ட்ராயிலிருந்து தப்பி வந்த ஈனியாஸின் தாய் அவர். ஈனியாஸின் வம்சம் என்று சொல்லிக்கொண்ட சீசர் குடும்பத்துக்கு மூதன்னை. சீசர் கி.மு. 46இல் அவருக்குத் தாய் என்ற முறையிலேயே கோயில் எழுப்பினார். வெஸ்டாவின் கதை இன்னும் விசித்திரம். கிரேக்கத்தின் அடுப்புத் தெய்வம் ஹெஸ்டியாவுக்குப் புராணத்தில் வேலையே இல்லை, பல கதைகளில் தலைகாட்டுவதும் இல்லை. ரோமில் வெஸ்டாவின் நெருப்பு அணைந்தால் நாட்டுக்கே ஆபத்து. அதைக் காக்க ஆறு கன்னிப் பெண்கள், முப்பது ஆண்டுப் பணி. சாட்டர்னும் அப்படித்தான். பெற்ற பிள்ளைகளை விழுங்கிய குரோனஸோடு அவரை இணைத்தாலும், ரோமில் அவர் பொற்காலத்து அரசர். அரசாங்கக் கருவூலம் அவர் கோயிலில்தான் இருந்தது. டிசம்பர் 17இல் தொடங்கும் அவருடைய திருவிழாவில் எஜமானர்களும் அடிமைகளும் இடம் மாறி விருந்துண்டார்கள். (குரோனஸைக் 'காலத்தின் கடவுள்' என்று எழுதுவது தனிப் பிழை. காலத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லும் அவர் பெயரும் ஒலியில் நெருங்கியவை என்பதால் பழங்காலத்திலேயே வந்த குழப்பம்.)

ஜோடி இல்லாதவர்களுக்கு ஜோடி தேடுவது

எல்லோருக்கும் ஓர் இணை இருந்தாக வேண்டும் என்று நினைப்பது அடுத்த வழுக்கல். இரண்டு முகம் கொண்ட வாசல் கடவுள் ஜேனஸுக்குக் கிரேக்கத்தில் யாரும் இல்லை. ஓவிட் என்ற ரோமானியக் கவிஞரே இதைப் பெருமையோடு சொல்லியிருக்கிறார். ஜேனஸின் வாயிற்கதவு அமைதிக் காலத்தில் மட்டும் மூடப்படும். தன் ஆட்சியில் மூன்று முறை மூடியதாக அகஸ்டஸ் கல்வெட்டிலேயே பதிந்துவைத்தார். நில எல்லைக் கல்லுக்கு டெர்மினஸ், கோதுமைப் பயிரைத் தாக்கும் துரு நோய்க்கு ரோபிகஸ், ரோமின் பெரிய சாக்கடைக்கு க்ளோயாசினா என்று ரோமில் ஒரு பெரிய கூட்டமே உண்டு. ஒரு கதவுக்கு ஒரு காவலாளி போதுமே, கதவுக்கு ஒருவர், கீலுக்கு ஒருவர், வாசற்படிக்கு ஒருவர் என்று மூன்று கடவுள்களா என்று பிற்காலத்தில் புனித அகஸ்டின் கிண்டல் செய்தார்.

எதிர்ப்பக்கமும் உண்டு. அப்பல்லோவுக்கு ரோமில் சொந்தமான இணை கிடையாது. கொள்ளைநோய் பரவியபோது கி.மு. 433இல் நேர்ந்துகொண்டு, 431இல் கோயில் கட்டி, மருத்துவக் கடவுளாக அவரை வரவழைத்தார்கள். அதனால்தான் அட்டவணையின் இரண்டு பக்கமும் ஒரே பெயர் நிற்கிறது. அது அச்சுப்பிழை இல்லை.

உண்மையான பிழை வேறு வரிகளில் இருக்கிறது. 'கிரேக்கம்: ஹேடிஸ், ரோம்: புளூட்டோ' என்று போடுகிறார்கள். புளூட்டோ கிரேக்கர்களே வைத்த பெயர். பாதாள அரசனை அச்சத்தோடு நேரடியாக அழைக்காமல் 'செல்வந்தன்' என்ற பொருளில் சொன்னது. ரோமானியர்களின் சொந்தப் பெயர்கள் டிஸ் பாட்டர், ஓர்கஸ். பாக்கஸும் கிரேக்கப் பெயர்தான். மதுக் கடவுள் டயோனைசஸுக்கு நேராக வரவேண்டிய இத்தாலியக் கடவுள் லிபர். கி.மு. 493 முதல் சீரிஸுடன் சேர்த்து அவருக்கு ரோமில் கோயில் இருந்தது.

ஓவிட் சொன்னதைக் கிரேக்கக் கதை என்பது

மெடுசா அழகான பெண்ணாக இருந்தாள், கோயிலில் பொசைடன் அவளைக் கெடுத்தார், கோபமடைந்த அதீனா அவள் கூந்தலைப் பாம்பாக்கினாள். இன்று 'கிரேக்கப் புராணம்' என்ற தலைப்பில் அதிகம் பகிரப்படும் கதைகளில் இது ஒன்று. இந்த வடிவத்தை நமக்குத் தருபவர் கி.பி. 8ஆம் ஆண்டு வாக்கில் லத்தீனில் எழுதிய ஓவிட். அவர் எழுதியது நெப்டியூன், மினர்வா என்று. அட்டவணையை வைத்து யாரோ பெயர்களைத் திருப்பி மாற்றியதும் கதை கிரேக்கக் கதையாகிவிட்டது! ஏறக்குறைய எழுநூறு ஆண்டுகள் முந்தைய கிரேக்கக் கவிஞர் ஹீசியட் சொல்வது வேறு: மெடுசா கோர்கன் எனப்படும் மூன்று கொடூர உருவச் சகோதரிகளில் ஒருத்தி, அவளுக்கு மட்டும் சாவு உண்டு, பொசைடன் அவளோடு பூக்கள் நிறைந்த புல்வெளியில் கூடினார். கோயில் இல்லை, சாபம் இல்லை. ஓவிட் கதை தரம் குறைந்தது என்று சொல்லவரவில்லை. எனக்கு அது மிகவும் பிடிக்கும். ஆனால் அதை வைத்து "பண்டைய கிரேக்கர்கள் பெண்களை எப்படிப் பார்த்தார்கள்" என்று ஆராயப் புகுந்தால், ஊரும் காலமும் இரண்டும் தப்பு.

அகிலிஸின் குதிகாலும் இப்படித்தான். தாய் அவனைப் பாதாள நதியில் முக்கியெடுத்ததால் குதிகால் தவிர உடல் முழுதும் ஆயுதம் துளைக்காது என்ற கதை, நமக்குக் கிடைத்த இலக்கியங்களில் முதலில் வருவது ஸ்டேஷியஸ் என்ற ரோமானியக் கவிஞரிடம், கி.பி. முதல் நூற்றாண்டின் இறுதியில். இலியட்டில் அகிலிஸுக்குக் கையில் ஈட்டி உரசி ரத்தம் கொட்டுகிறது. ட்ராய் மரக்குதிரையைத் தேடி இலியட்டைப் புரட்டுகிறவர்களுக்கும் ஏமாற்றம்தான். அந்தக் காவியம் ஹெக்டரின் ஈமச் சடங்கோடு முடிந்துவிடும். குதிரையை ஒடிஸி தொட்டுச் செல்கிறது. விரிவாகக் காட்டுவது ரோமானியக் கவிஞர் வர்ஜிலின் ஈனியட், அதுவும் தோற்றவர்கள் பக்கத்திலிருந்து.

அதனால் கதையை எடுக்கும்போது யார் சொன்னது என்று ஒருமுறை பாருங்கள். ஹோமர், ஹீசியட், நாடகாசிரியர்கள் என்றால் கிரேக்கப் பெயர்கள். ஓவிட், வர்ஜில் என்றால் ரோமானியப் பெயர்கள். கலந்து எழுதினால் "ஜீயஸின் மகன் ஹெர்குலிஸ்" மாதிரி ஆகிவிடும். அப்பாவுக்குக் கிரேக்கப் பெயர், மகனுக்கு லத்தீன் பெயர். ஹெரக்ளிஸ் என்று எழுதுங்கள், அல்லது அப்பாவை ஜூபிடராக்குங்கள். இதில் வானியலாளர்களுக்கு மட்டும் விதிவிலக்கு கொடுத்துவிடலாம். 1877இல் கண்டுபிடிக்கப்பட்ட மார்ஸ் கோளின் நிலவுகளுக்கு ஏரிஸின் மகன்கள் ஃபோபோஸ், டெய்மோஸ் பெயரைச் சூட்டினார்கள். ரோமானியப் பெயர்கள் கொண்ட கோள்களுக்கு நடுவே யுரேனஸ் கிரேக்க வானக் கடவுளின் பெயரோடு உட்கார்ந்திருக்கிறது.

நம் பக்கத்துக் குழப்பம்

தமிழில் எழுதும்போது கூடுதலாக ஒரு பொறி. மார்ஸ் செவ்வாய், வீனஸ் வெள்ளி, சாட்டர்ன் சனி என்பது கோள்களுக்குச் சரி. நம் கிழமை வரிசையும் ரோமானியர்களின் கிழமை வரிசையும் ஒத்துப்போவது தற்செயல் இல்லை. கோள்களை வைத்த ஏழு நாள் வாரம் கிரேக்க–ரோமானிய உலகின் சோதிடத்தோடு இந்தியாவுக்கு வந்தது. ஆனால் கோள் ஒன்று என்பதால் கடவுளும் ஒன்றாகிவிடாது. வெள்ளிக்கு உரிய சுக்கிரன் ஆண், அசுரர்களின் குரு. வீனஸ் காதலின் பெண் தெய்வம். வியாழனுக்கு உரிய பிரகஸ்பதி தேவர்களின் ஆசான்; ஜூபிடர் அரசர். "குரு பகவானைத்தான் ரோமானியர்கள் ஜூபிடர் என்று வணங்கினார்கள்" என்ற வாக்கியத்தை எங்கு பார்த்தாலும் நம்பாதீர்கள்.

இந்தச் சமக் குறி போடும் பழக்கம் கிரேக்கர்களுக்கும் இருந்தது. கி.மு. 300 வாக்கில் சந்திரகுப்த மௌரியரிடம் தூதராக வந்த மெகஸ்தனிஸ், இந்தியாவில் ஹெரக்ளிஸை வணங்குகிறார்கள் என்று எழுதினார். மதுராப் பகுதியைக் குறிப்பிட்டு அவர் சொல்வதால், கண்ணனைத்தான் அப்படி எழுதினார் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். அந்த ஹெரக்ளிஸுக்குப் பாண்டேயா என்று ஒரே மகள், அவள் ஆண்ட நாட்டுக்கு அவள் பெயரே வந்தது, மகளை அலங்கரிக்க அவர் கடலிலிருந்து முத்து எடுத்தார் என்றும் ஒரு செய்தி அவர் வழியாக நமக்குக் கிடைக்கிறது. இதைப் பிடித்துக்கொண்டு "பாண்டியர்கள் கிரேக்க வீரனின் வாரிசுகள்" என்று பதிவு போடுகிறவர்கள் இருக்கிறார்கள். தென்னாட்டில் பாண்டிய நாடு என்று ஒன்று உண்டு, அங்கே முத்து விளைகிறது என்ற பேச்சு பாடலிபுத்திரம் வரை எட்டியிருந்தது என்பதற்குத்தான் இந்தக் குறிப்பு சான்று. ஹெரக்ளிஸ் என்ற பெயர் மெகஸ்தனிஸ் தன் ஊரிலிருந்து கொண்டுவந்து ஒட்டியது.