இறால் குட்டை: பி.எச். பேனாவை மட்டும் நம்பாதீர்கள்

குட்டை நீரின் பி.எச்.ஐ (நீர் அமிலமா காரமா என்று காட்டும் எண்) பேனா வடிவ மீட்டரால் காலை 6 மணிக்கு ஒரு முறை, பிற்பகல் 3 மணிக்கு ஒரு முறை அளக்கவும். ஒரே ஒரு முறை அளந்தால் பயன்படாது. இரவில் பாசி, இறால், சேற்றுக் கிருமி எல்லாம் மூச்சுவிடுவதால் கரியமில வாயு சேர்ந்து பி.எச். இறங்கும், வெயிலில் பாசி அதை எடுத்துக்கொள்ள மறுபடி ஏறும். இரண்டு அளவுக்கும் நடுவே 0.5க்கு மேல் இடைவெளி வந்தால் கவனிக்க வேண்டும்.

புட்டியை முழங்கை ஆழத்தில் அமிழ்த்தி நிரப்பி, நீருக்குள்ளேயே மூடவும். உள்ளே குமிழி இருந்தால் வாயு வெளியேறி அளவு கூடுதலாகக் காட்டும். பேனாவை பி.எச். 7, 10 உள்ள பஃபர் கரைசல்களில் (பி.எச். முன்பே தெரிந்த கரைசல்கள்) சரிபார்த்த பிறகே அளக்கவும். அதன் முனையை வாலைவடிநீரில் ஊறவைப்பது பலர் செய்யும் தவறு. பொட்டாசியம் குளோரைடு கரைசலில்தான் வைக்க வேண்டும்.

கரியமில வாயு சேர்ந்தால் பி.எச். இறங்கும் என்பது கடலிலும் இதே கணக்குதான், வேகம்தான் வேறு. தொழிற்புரட்சிக்கு முன் 8.2 அளவில் இருந்த மேற்பரப்பு பி.எச். இன்று 8.1 அளவுக்கு வந்திருக்கிறது. சிப்பியும் பவளமும் ஓடு கட்ட வேண்டிய கார்பனேட் அதனால் குறைகிறது. அந்த 0.1 உங்கள் பேனாவின் பிழை அளவுதான். கடல் மாறுவதை அதில் பார்க்க முடியாது.

பி.எச். சட்டென மாறாமல் குட்டையைத் தாங்குவது ஆல்கலினிட்டி, அதாவது அமிலத்தைச் சமன்செய்ய நீரில் கரைந்திருக்கும் பைகார்பனேட், கார்பனேட்டின் அளவு. தமிழில் இதையும் காரத்தன்மை என்றே சொல்வதால் பி.எச். உடன் குழம்புகிறது. 50 மி.லி. நீரில் இரண்டு சொட்டு மெத்தில் ஆரஞ்சு விட்டு, 0.02 நார்மல் செறிவுள்ள கந்தக அமிலத்தைச் சொட்டுச் சொட்டாகச் சேர்க்கவும். மஞ்சள் ஆரஞ்சாகத் திரும்பியதும் நிறுத்தி, செலவான மி.லி.யை 20ஆல் பெருக்கினால் ஆல்கலினிட்டி லிட்டருக்கு எத்தனை மி.கி. (கால்சியம் கார்பனேட் கணக்கில்) என்று தெரியும். வனாமி வகை இறாலுக்கு இதை 100க்குக் கீழே விடக்கூடாது. விட்டால் சட்டை உரித்த இறாலின் ஓடு இறுகத் தாமதமாகும், ஒன்றையொன்று தின்னும். ஐப்பசி, கார்த்திகை மழை குட்டை நீரை நீர்க்கச் செய்யும்போதுதான் சீர்காழி, வேதாரண்யம் பக்கம் ஆல்கலினிட்டி அதிகம் சரிகிறது.

ஒரு ஏக்கர், ஒரு மீட்டர் ஆழக் குட்டையில் ஆல்கலினிட்டியை லிட்டருக்கு 20 மி.கி. உயர்த்த சுமார் 136 கிலோ சோடியம் பைகார்பனேட் (ஆப்ப சோடாதான்) வேண்டும். மூன்று நாளாகப் பிரித்துக் கரைத்து ஊற்றவும். பி.எச். 8.3ஐத் தாண்டிய நீரில் சுண்ணாம்புக்கல் தூள் சரியாகக் கரையாது, காசு வீண். சுட்ட சுண்ணாம்பை இறால் இருக்கும் குட்டையில் கொட்டவே வேண்டாம்: பி.எச். சட்டென ஏறி, நீரிலுள்ள அமோனியா நஞ்சாகும்.