டியூப் பெட்டியில் ஒரு விமான இறக்கை

கோத்தகிரியில் பஞ்சர் கடை வைத்திருக்கிறேன். "கண்காட்சிக்கு விமானம் செய்யணும் சித்தப்பா" என்று அண்ணன் மகள் வந்து நின்றாள். தெர்மாகோல் பொம்மைக்குப் பெயின்ட் அடித்துக் கொடுக்க எனக்கு மனசில்லை. 1899-இல் அமெரிக்காவின் டேட்டன் நகரில், தன் சைக்கிள் கடையில், விமானம் கண்ட ரைட் சகோதரர்களில் அண்ணன் வில்பர் ரைட் யோசனையாகத் திருகிக்கொண்டிருந்தது டியூப் வந்த காலிப் பெட்டியைத்தான். நம் கடையில் அதற்கா பஞ்சம்?

ஒல்லியான நீளப் பெட்டியாக எடுங்கள். இரண்டு முனை மூடியையும் கிழித்துவிடுங்கள். வலது முனையில் மேல்-முன் மூலையையும் கீழ்-பின் மூலையையும் சேர்த்து நெருக்குங்கள். இடது முனையில் கீழ்-முன், மேல்-பின். மேலட்டையும் கீழட்டையும்தான் விமானத்தின் இரண்டு அடுக்கு இறக்கை; அவை ஒன்றாக முறுக்கிக்கொள்ளும். ஒரு முனை நிமிரும், மறுமுனை குனியும். நிமிர்ந்த பக்கத்தைக் காற்று கூடுதலாகத் தூக்கும், விமானம் சாயும். வளைவில் சைக்கிளைச் சாய்க்கிறோமே, அதே கணக்கு.

இனி மாதிரி. 30 செ.மீ. நீளம், 6.5 செ.மீ. அகலத்தில் இரண்டு மெல்லிய அட்டை. இந்த முறுக்கைச் சோதிக்க வில்பர் அந்த வருஷம் விட்ட 5 அடிப் பட்டத்தின் அளவை ஒட்டியது. இரண்டு அட்டைக்கும் நடுவே 6 செ.மீ. விளக்குமாற்றுக் குச்சிகள், முன்வரிசையில் மூன்று, பின்வரிசையில் மூன்று. குச்சியை நேராக அட்டையில் ஒட்டினால் விறைத்துப்போகும். பழைய டியூபில் சின்னத் துண்டு வெட்டி, அதில் குச்சியைச் செருகி, பஞ்சர் ஒட்டும் சொல்யூஷன் போட்டு ஒட்டுங்கள். பூசியதும் அழுத்தாதீர்கள், ஈரம் போய்ப் பிசுக்கு வரட்டும்.

முன்வரிசைக் குச்சிகளுக்குள் நூலைக் குறுக்குமறுக்காக இழுத்துக் கட்டுங்கள், பின்வரிசையிலும் அப்படியே. முன்னுக்கும் பின்னுக்கும் இடையே மட்டும் கட்டாதீர்கள். முதல் தடவை நான் கட்டித் தொலைத்தேன், கல்லு மாதிரி நின்றது.

மேலட்டையின் அடியில், நடுவில், முன்பின்னாக ஒரு ஸ்ட்ராவை ஒட்டி, உள்ளே நீளமான கம்பியை விட்டு இரு முனையையும் பிடித்துக்கொள்ளுங்கள். பெட்டியில் நெருக்கிய அதே மூலைகளை ரப்பர் பேண்டால் இழுத்துவிட்டு, டேபிள் ஃபேன் முன் காட்டுங்கள். சாயும். பேண்டை மாற்றிப் போட்டால் மறுபக்கம்.

1903 டிசம்பர் 17-இல் வில்பரின் தம்பி ஆர்வில் விமானத்தில் முதலில் பறந்தது 12 விநாடி, 120 அடி. அந்த விமானத்துக்கு என்ஜின் செய்தவர் அவர்கள் கடை மெக்கானிக் சார்லி டெய்லர். அட்டையில் அவர் பெயரையும் எழுதச் சொன்னேன்.

எங்கள் ஊர் மஞ்சில் அட்டை ஊறி நெளிந்துவிடும். ஒட்டுவதெல்லாம் முடிந்தபிறகு மெழுகுவர்த்தியால் இரண்டு பக்கமும் தேய்த்துவிடுங்கள்.