வாஷி கற்க ஜப்பான் வருபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

எச்சிசென் வட்டாரத்தில் வாஷி எனப்படும் கைக்காகிதத்தைக் கற்க வந்து ஏழு குளிர்காலங்கள் ஆகின்றன. புதிதாக வருபவர்கள் நான் செய்த தவறுகளையே, ஏறக்குறைய அதே வரிசையில் செய்வதைப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன். கம்பளி உடையைப் பற்றியும் காலணி கழற்றும் இடத்தைப் பற்றியும் யாரேனும் உங்களுக்குச் சொல்லிவிடுவார்கள்.

முகவரிப் பதிவு

குடியேறிய 14 நாட்களுக்குள் நகராட்சி அலுவலகத்தில் முடித்துவிடுங்கள்.

நெரியைப் பசை என்று நினைப்பது

தொரோரோ அஓயி என்பது வெண்டைக்கு உறவான செடி. அதன் வேரை நசுக்கி ஊறவைத்தால், நறுக்கிய வெண்டைக்காயில் இழுபடுவது போன்ற வழவழப்பான சாறு இறங்கும், அதுதான் நெரி. அது பசையல்ல, காகிதமாகப்போகும் கோஸோ மரப்பட்டையின் இழைகள் திரளாமல் தொட்டி நீரில் பரவி நிற்கச் செய்து, தாள் எடுக்கும் மூங்கில் தட்டியின் வழியே நீர் வடிவதைத் தாமதப்படுத்துகிறது. வெப்பம் பட்டால் வழவழப்பு போய்விடும் என்பதாலேயே விரல் மரத்துப்போகும் குளிரில் இவ்வேலை சிறப்பாக நடக்கிறது. தொட்டி நீரைச் சற்றுச் சூடாக்கலாமா என்று கேட்காதீர்கள். நான் கேட்டேன்.

புரியாமல் "ஹை" சொல்வது

இதை நினைத்தால் இன்றும் எரிச்சல் வருகிறது. "ஹை" என்றால் ஆம் என்று பாடநூல் கூறும். பேச்சின் நடுவே அது பெரும்பாலும் நம் "ம்" கொட்டுதலைப் போன்றது. ஆனால் ஆசிரியர் ஒரு வேலையைச் சொல்லி முடித்தபின் நீங்கள் "ஹை" என்றால், புரிந்துகொண்டீர்கள் என்றே அவர் எடுத்துக்கொள்வார்.

முதல் ஜனவரியில், என் ஆசிரியர் அன்று எடுத்த ஏறத்தாழ இருநூறு ஈரத்தாள்கள், வழக்கப்படி இடையில் துணியின்றி ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருந்தன. இரவு முழுவதும் மேலே பலகை மட்டும் இருக்கட்டும், அழுத்துவதை நாளை தொடங்கிப் படிப்படியாகக் கூட்டலாம் என்று அவர் சொல்லியிருக்கிறார். எனக்குப் பிடிபட்டவை பலகை, அழுத்து, நாளை என்ற மூன்று சொற்களே. மூன்று முறை "ஹை" சொன்ன நான், நாளைக்குள் அழுத்தி முடிக்க வேண்டும் போலும் என்று எண்ணி, அன்று மாலையே ஜாக்கியைக் கடைசிவரை ஏற்றினேன். நடுவிலிருந்த நீர் மெல்ல வடிய வழியின்றிப் பக்கவாட்டில் பீறிட்டு விளிம்புகளைக் கிழித்தது. காலையில் பிரிக்க முயன்றபோது உள்தாள்கள் ஒரே அட்டையாக இறுகியிருந்தன. ஒரு நாள் உழைப்பு மட்டும் போகவில்லை. அந்தப் பட்டையிலிருந்த தூசியையும் கறையையும் இரண்டு பாட்டிமார் குளிர்நீரில் குனிந்தமர்ந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கியிருந்தார்கள். ஆசிரியர் திட்டவில்லை, மறுநாளிலிருந்து அந்தப் பாட்டிமாருக்கு நடுவே எனக்கும் ஒரு மணை போட்டார்.

புரியாவிட்டால், கேட்டதை உங்களுக்குத் தெரிந்த சொற்களில் திரும்பச் சொல்லுங்கள், சொல் வராவிட்டால் கையால் செய்து காட்டி, "இப்படியா?" என்று கேளுங்கள். அதற்காக இங்கே யாரும் உங்களைக் குறைவாக எண்ணியதை நான் கண்டதில்லை.

குப்பை

எந்தக் கிழமையில் எது என்ற அட்டவணையைச் சமையலறைச் சுவரில் ஒட்டுங்கள். அதற்கும் "ஹை" சொல்லித் தப்ப முடியாது.