சயாம் மரண ரயில்: வீட்டுப் பெரியவர் சொல்வதைப் பதிவு செய்யும் முறை

சயாமுக்கும் (தாய்லாந்து) பர்மாவுக்கும் இடையே ஜப்பானியர் போட்ட ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்களைக் கொண்டுபோனார்கள்; பலர் திரும்பவில்லை. 1942இல் எட்டு வயதாக இருந்தவர் 1934இல் பிறந்தவர். கோலாலம்பூரின் செந்தூலிலோ பிரிக்பீல்ட்ஸிலோ உங்கள் வீட்டில் அப்படி ஒருவர் இருந்தால் இந்த வாரமே போய் உட்காருங்கள்.

காலையில் பசியாறிய பிறகு முக்கால் மணி நேரம் போதும். காற்றாடியை நிறுத்திவிட்டு, கைப்பேசியை மடித்த துண்டின் மேல், அவருக்கு இரண்டு சாண் தள்ளி வையுங்கள். வெறும் மேசையில் வைத்தால் டம்ளர் வைக்கிற சத்தமே பேச்சை விழுங்கிவிடும். மகனோ மருமகளோ பக்கத்தில் இருந்தால் அவர்கள் பதில் சொல்ல, பெரியவர் "ஆமா"வோடு நின்றுவிடுவார்.

"ரொம்பக் கொடுமையா?" என்று கேட்டால் கொடுமை என்றுதான் பதில் வரும். அப்பா பெயரைப் பெரட்டில் (காலை ஆள் கணக்கெடுப்பில்) வாசித்தது யார், கிராணியா (தோட்டத்து எழுத்தர்) கங்காணியா? லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகளில்) எந்தெந்த வீட்டு ஆண்கள் போனார்கள்? திரும்பியவர் யார் யார்? இப்படிக் கேளுங்கள். குறிப்பேட்டை இரண்டாகப் பிரித்து, அவர் கண்ணால் கண்டதை ஒரு பக்கமும் பிறர் சொல்லிக் கேட்டதை மறுபக்கமும் எழுதுங்கள். இரண்டும் கலந்தால் பிறகு பிரிக்கவே முடியாது.

தேதி நினைவிருக்காது. கோலாலம்பூர் விழுந்தது 11 ஜனவரி 1942, பொங்கலை ஒட்டி. ஜப்பான் சரணடைந்தது 15 ஆகஸ்ட் 1945. இவற்றுக்கு முன்னா பின்னா என்று கேட்டாலே பாதி தெளியும். 415 கிலோமீட்டர் பாதையில் தண்டவாளம் இணைந்தது 17 அக்டோபர் 1943. அதன் பிறகும் பராமரிப்புக்கு ஆட்களை வைத்திருந்தார்கள். ஆகவே "1944இல் அங்கே இருந்தார்" என்பதைத் தவறென்று அடித்துவிடாதீர்கள்.

பழைய தாளில் 2603 என்றிருந்தால் அது ஜப்பானிய ஆண்டுக் கணக்கு, 660ஐக் கழியுங்கள்: 1943. கடிகாரமும் தோக்கியோ நேரம். அன்றைய காலை 8 மணி, பழைய மலாயா நேரப்படி 6.30.

பிறகு கோலாலம்பூரில் ஜாலான் துவாங்கு அப்துல் ஹலிமில் (பழைய ஜாலான் டூத்தா) உள்ள தேசிய ஆவணக் காப்பகத்துக்குப் போங்கள். தோட்டத்துக்குத் தமிழர் வழங்கிய பெயர் ஒன்று, கோப்பில் இருப்பது வேறொன்று. கம்பெனிப் பெயரையும் கேட்டுக்கொண்டு போங்கள். ஜப்பானியர் கால நாளிதழ்கள் தணிக்கைக்கு உட்பட்டவை, சாவுக் கணக்கை அவற்றில் தேடாதீர்கள். தாய்லாந்தின் காஞ்சனபுரி போர்க் கல்லறைகள் போர்க்கைதிகளுடையவை. நம் தொழிலாளர் பெயர்கள் அங்கே இல்லை. பல லயங்களுக்குப் பெரியவர் சொல்லும் பட்டியல்தான் ஒரே பட்டியல்.

அதனால் எழுதியதை மறுவாரம் அவரிடமே நிதானமாக வாசித்துக் காட்டுங்கள். விட்டுப்போன பெயர் அப்போதுதான் வரும்.