கார் வேலையை நாமே பார்க்க, சரியான சர்வீஸ் மேனுவலைத் தேடி எடுப்பது எப்படி?

கோத்தகிரியில் சித்தப்பாவிடம் ஒரு பழைய ஆல்டோ இருக்கிறது. அதற்கு டைமிங் பெல்ட் (இன்ஜின் வால்வுகளைச் சரியான நேரத்தில் திறந்து மூட வைக்கும் பெல்ட்) மாற்ற வேண்டிய கிலோமீட்டர் வந்துவிட்டதா என்று பார்க்க, இணையத்தில் 'சுசூகி ஆல்டோ' என்று தேடி ஒரு சர்வீஸ் மேனுவலை இறக்கினேன். படத்தில் மூன்று சிலிண்டர், எங்கள் வண்டியிலும் மூன்று சிலிண்டர். பொருந்துகிறது என்று நம்பி ஆயில் அளவைக்கூட நோட்டில் எழுதிவிட்டேன். ஆனால் புத்தகம் முழுக்கப் புரட்டியும் டைமிங் பெல்ட்டைக் காணோம். அதில் பெல்ட்டுக்குப் பதிலாக இருந்தது செயின். பக்கத்துத் தெரு மெக்கானிக் அண்ணனிடம் போய்க் காட்டினேன். அவர் புத்தகத்தைப் பார்க்கவே இல்லை. "தம்பி, மொதல்ல ஆர்.சி.யக் கொண்டாங்க" என்றார்.

விஷயம் இதுதான். 2009 முதல் ஐரோப்பாவில் 'ஆல்டோ' என்ற பெயரில் விற்ற வண்டி நம் ஊர் ஏ-ஸ்டார். அதில் 998 சிசி கே10பி இன்ஜின், செயின். சித்தப்பாவின் வண்டியில் 796 சிசி எஃப்8டி இன்ஜின், பெல்ட். பெயர் மட்டும்தான் ஒன்று. அதனால் மேனுவலைத் தேடும் வேலை கம்ப்யூட்டரில் தொடங்குவதில்லை, வண்டியில் தொடங்குகிறது.

படி 1: ஆர்.சி.யை எடுத்து வையுங்கள்

காகிதமாக இல்லாவிட்டால் டிஜிலாக்கரிலோ எம்-பரிவாகனிலோ பார்க்கலாம். நான்கு விவரங்களை ஒரு தாளில் எழுதுங்கள்: தயாரித்த மாதமும் வருடமும், சிசி, இன்ஜின் நம்பர், சேஸிஸ் நம்பர். சிசியை விட்டுவிடாதீர்கள். நம் நாட்டிலேயே ஆல்டோ என்ற பெயரில் 796, 1061, 998 சிசி இன்ஜின்கள் வந்திருக்கின்றன.

சேஸிஸ் நம்பரில் 17 எழுத்தும் எண்ணும் இருக்கும். ஆங்கில ஐ, ஓ, க்யூ மூன்றும் அதில் வராது. ஆகவே வட்டமாகத் தெரிவது பூஜ்யம், நேர்கோடாகத் தெரிவது ஒன்று. முதல் மூன்று இடங்கள் தயாரிப்பாளரைச் சொல்லும். மாருதிக்கு எம்.ஏ.3, ஹூண்டாய்க்கு எம்.ஏ.எல்., டாடாவுக்கு எம்.ஏ.டி. ஸ்பேர் பார்ட்ஸ் கடையில் இந்த நம்பரைக் கொடுத்தால், உங்கள் வண்டிக்கு உரிய பார்ட் நம்பரை கேட்லாகில் பார்த்துச் சொல்வார்கள்.

படி 2: டேஷ்போர்டு டப்பாவில் இருப்பதை முதலில் படியுங்கள்

ஓனர்ஸ் மேனுவல் வேறு, சர்வீஸ் மேனுவல் வேறு. முதலாவது வண்டி வைத்திருப்பவருக்கு: ஆயில் கிரேடு, ஆயில் அளவு, டயர் காற்று, ஃபியூஸ் பட்டியல், சர்வீஸ் அட்டவணை. இரண்டாவது ஒர்க்‌ஷாப்புக்கு: எதை எந்த வரிசையில் கழற்றுவது, எந்த போல்ட்டை எவ்வளவு முறுக்குவது, வயரிங் டயகிராம். புதிதாகத் தொடங்குபவருக்கு முதல் ஆறு மாதத்துக்கு ஓனர்ஸ் மேனுவலே போதும் என்பது என் கருத்து. தொலைந்துபோயிருந்தால் கம்பெனியின் இணையதளத்தில் பாருங்கள். பல மாடல்களுக்கு இலவசமாகவே கிடைக்கிறது.

மலையில் வண்டி ஓட்டும் நாம் அதில் தேடிப் படிக்க வேண்டிய பக்கம் ஒன்று உண்டு. வழக்கமான சர்வீஸ் அட்டவணைக்குப் பக்கத்திலேயே, கடினமான சூழலில் ஓடும் வண்டிக்கு என்று இன்னொரு அட்டவணை போட்டிருப்பார்கள். குளிரில் கொஞ்ச தூரம் ஓடி, இன்ஜின் சூடாவதற்குள் நிறுத்துவது அதில் வரும். பல கம்பெனிகள் மலைச்சாலையையும் சேர்த்திருக்கின்றன. காலையில் பிள்ளைகளைப் பள்ளியில் விட்டுவிட்டு மார்க்கெட் வரை போய்த் திரும்பும் நம் நீலகிரி டி.என்.43 வண்டிகளில் பாதி இந்தக் கணக்கில்தான் சேரும். நமக்கு ஆயில் மாற்றும் இடைவெளி குறைவு.

படி 3: சர்வீஸ் மேனுவலைத் தேடுவது

தேடும்போது வண்டியின் பெயரோடு நிறுத்தாமல் இன்ஜின் குறியீட்டையும் வருடத்தையும் சேர்த்து ஆங்கிலத்தில் அடியுங்கள். நம் வண்டிக்கு வெளிநாட்டில் என்ன பெயர் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ரிட்ஸ் அங்கே ஸ்ப்ளாஷ், சான்ட்ரோ அங்கே ஏடோஸ். எஸ்டேட்களில் இன்னமும் ஓடும் ஜிப்சியில் 970 சிசி என்றால் எஸ்.ஜே.410 குடும்பம், 1298 சிசி ஜிப்சி கிங் என்றால் எஸ்.ஜே.413 குடும்பம். பாடி, நீளம் எல்லாம் மாறும். இன்ஜின், கியர்பாக்ஸ் பக்கங்கள் கைகொடுக்கும்.

இன்டர்நெட் ஆர்கைவ் தளத்தில் பழைய மேனுவல்கள் ஸ்கேன் செய்யப்பட்டு நிறைய இருக்கின்றன. ஹேன்ஸ் என்ற பிரிட்டிஷ் பதிப்பகம் வண்டிக்கு ஒரு புத்தகம் என்று 1960களிலிருந்து போட்டு வந்தது. படங்களோடு புரியும்படி இருக்கும், ஆனால் இந்தியாவில் மட்டும் விற்ற மாடல்களுக்கு அதில் தேடிப் பயனில்லை. இலவசம் என்று சொல்லிவிட்டு கார்டு நம்பர் கேட்கும் தளத்தை உடனே மூடுங்கள். இறங்கிய ஃபைல் பி.டி.எஃப். ஆக இல்லாமல் இ.எக்ஸ்.இ. என்று முடிந்தால் திறக்கவே வேண்டாம்.

படி 4: இது நம் வண்டியுடையதுதானா?

நான் தவறவிட்ட படி இது. முதல் சில பக்கங்களில் மாடல் குறியீடு, இன்ஜின் குறியீடு, வருடம் இருக்கும். உங்கள் தாளோடு ஒவ்வொன்றாக ஒப்பிடுங்கள். 'சப்ளிமென்ட்' என்று போட்டிருந்தால் அது துணைப் புத்தகம். மாறிய பகுதிகள் மட்டுமே இருக்கும், மூலப் புத்தகத்தையும் தேட வேண்டும். பிறகு கண்ணால் சரிபார்க்கக்கூடிய இரண்டு இடங்களைப் பாருங்கள்: ஃபியூஸ் பெட்டியின் படம், ஏர் ஃபில்டர் பெட்டியின் கிளிப்புகள். பானெட்டைத் திறந்து பார்த்தால் ஐந்தே நிமிடத்தில் தெரிந்துவிடும்.

படி 5: படிக்கும் முறை

முறுக்கு அளவை நியூட்டன் மீட்டர், கிலோ மீட்டர், பவுண்டு அடி என்று மூன்று வகையில் எழுதுவார்கள். 1 கிலோ மீட்டர் என்பது ஏறக்குறைய 9.8 நியூட்டன் மீட்டர். 1 பவுண்டு அடி 1.36 நியூட்டன் மீட்டர். இங்கே கிலோ மீட்டர் தூரம் அல்ல, கிலோ எடையை மீட்டரால் பெருக்கியது. உங்கள் டார்க் ரெஞ்சில் (முறுக்கு அளவைக் காட்டும் ஸ்பேனர்) எந்த அளவு பொறித்திருக்கிறதோ, அதே வரிசையைப் படியுங்கள்.

பிரேக் பகுதியை நீங்கள் கழற்றப் போவதில்லை என்றாலும் படியுங்கள். கோத்தகிரியிலிருந்து குஞ்சப்பனை வழியாக மேட்டுப்பாளையம் போனால் 1,400 மீட்டருக்கு மேல் இறக்கம். பிரேக் ஆயில் காற்றின் ஈரத்தை உறிஞ்சும். டாட் என்பது பிரேக் ஆயிலின் தர வகை. டாட் 3 ஆயில் புதிதாக இருக்கும்போது குறைந்தது 205 டிகிரி வரை தாங்க வேண்டும். ஈரம் ஏறிய பின் அந்த வரம்பு 140. டாட் 4-க்கு 230, 155. ஆயில் கொதித்துக் குமிழி வந்தால் பெடல் கீழே போய்விடும். எந்த டாட், எத்தனை வருடத்துக்கு ஒருமுறை மாற்றுவது என்பதை மேனுவலில் பார்த்து, கடைசியாக மாற்றிய தேதியோடு எழுதி வையுங்கள். பானெட்டுக்குள் இருக்கும் பிரேக் ஆயில் டப்பாவின் மூடியிலும் டாட் எண் இருக்கும்.

முதல் வேலையாக ஏர் ஃபில்டரையோ வைப்பரையோ எடுங்கள். வண்டியைத் தூக்க வேண்டிய வேலை என்றால் சமதளம் வேண்டும். நம் ஊரில் வீட்டு வாசலே சரிவாக இருக்கும், அங்கே ஜாக்கி போடாதீர்கள். சக்கரத்துக்குக் கட்டை கொடுங்கள். ஸ்டாண்டு வைக்காமல் வண்டிக்கு அடியில் தலையை நீட்டவே கூடாது.

எஃப்8டி என்று சேர்த்துத் தேடியதில் சித்தப்பாவின் வண்டிக்கு உரிய மேனுவல் ஒரே மாலையில் கிடைத்தது. பெல்ட் வேலை எனக்குப் பெரியது, அதை அண்ணனிடமே விட்டோம். பெல்ட் குறிகளைப் பொருத்தும் பக்கங்களை மட்டும் அச்சிட்டு, பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கொண்டுபோனேன். வேலை முடிந்து கிளம்பும்போது, "அத இங்கயே வெச்சுட்டுப் போங்க தம்பி" என்று வாங்கி டூல் பெட்டியில் வைத்துக்கொண்டார்.